முதலாளி சிவபாதம்

பாரிஸின் லாச்சப்பலில் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்பிப் பார்க்காத ஒரே மனிதர், கடை கடையாகக் கிரைண்டர் திருத்தித் திரிந்த கிரைண்டர் அண்ணைதான். காதில் ஒரு குறையும் இல்லை. இரண்டாம் மாடியில் ஓடுகிற கிரைண்டரின் சத்தத்தை றோட்டில் நின்று கேட்டே, "பெல்ற் தேஞ்சுபோச்சு" என்று சொல்லிவிடுவார். "மிஸ்யூ குணரத்தினம்!" என்று கூப்பிட்டால்தான் அசையமாட்டார்.

ஒருமுறை மொழிபெயர்க்க அவரோடு டொக்டரிடம் போயிருந்தேன். தாதி மூன்றுதரம் கூப்பிட்டாள். அண்ணை காத்திருந்த எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்துவிட்டு என் பக்கம் சாய்ந்தார்.

"பாவம், உந்த மனுசன் எங்கை போட்டானோ தெரியேல்லை."

"அண்ணை, அது நீங்கள்!"

"அட, ஓமென்ன!"

நாற்பத்தைந்து வயதில் இப்படியும் ஒரு மறதியா என்று எனக்கு எரிச்சல்தான் வந்தது. பிள்ளையார் கோயிலில் இன்னொரு கூத்து. அர்ச்சனைக்கு எல்லோரும் பெயர், நட்சத்திரத்தை உரத்துச் சொல்ல, இவர் மட்டும் ஐயரின் காதுக்குள் ஏதோ குசுகுசுப்பார். "ஐயரிட்டைப் பாவமன்னிப்புக் கேக்கிறார் போல" என்று பின்னால் நின்றவர்கள் சிரிப்பார்கள். நானும் சிரித்தவன்தான்.

அப்போது பக்கத்து மார்க்ஸ் டோர்மோயில் ஒரு போட்டோக்கொப்பிக் கடை மூலையில் எனக்கு ஒரு மேசை இருந்தது. சனத்துக்குப் படிவம் நிரப்பிக் கொடுப்பது தொழில். எனக்குப் பொறுமை குறைவு. இந்தத் தொழிலில் வந்து விழுந்தது முற்பிறப்பில் செய்த வினை. 2009இல் தனியாளாகச் சிறுதொழில் செய்கிறவர்கள் லேசாகப் பதிந்துகொள்ளப் புதுச்சட்டம் வந்தது. அண்ணையும் வந்து நின்றார்.

படிவத்தில் ஆளின் பெயருக்கு ஒரு பெட்டி, தொழில் நடக்கும் பெயருக்கு இன்னொரு பெட்டி. இரண்டாவதை வெறுமையாக விடலாம். விரும்பினால் ஒரு பெயர் வைக்கலாம். வெறுமையாக விட அண்ணைக்கு மனமில்லை.

"லட்சுமி எண்டு போடுவமோ?" என்றேன்.

"வேண்டாம்."

"பாரிஸ் கிரைண்டர்?"

"அது கடைப்பேர் மாதிரியெல்லோ கிடக்கு."

"கடைப்பேர்தானே அண்ணை கேக்கிறாங்கள்! சரி, முருகன் எலெக்ரிக்?"

"முருகன் எப்ப தம்பி கிரைண்டர் திருத்தினவர்?"

மூன்று நாள் வந்து மூன்று நாளும் சொல்லாமல் போனார். நாலாம் நாள் நான் பேனையை எறிந்துவிட்டேன். "விசராக்காதேங்கோ அண்ணை! பேரைச் சொல்லுங்கோ, இல்லாட்டி வேறை ஆளைப் பாருங்கோ."

அவர் கடை வாசலைப் பார்த்தார். பிறகு கோயில் ஐயரிடம் குனிவதுபோலக் குனிந்தார்.

"சிவபாதம்."

"ஆர் அது? அப்பாவோ?"

"நான்."

ஊரிலிருந்து ஏஜென்சிக்காரன் கொடுத்த வேறொருவரின் பாஸ்போட்டில் வந்தவர். அதில் இருந்த பெயர் குணரத்தினம். பிடித்துத் திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்ற பயத்தில் அந்தப் பெயரையே இங்கேயும் சொல்லிவிட்டார். வதிவிட அனுமதிக் 'காட்'டில் அது ஏறியது, பிறகு இறங்கவேயில்லை. (இரண்டு பெயரையும் நான் இங்கே மாற்றித்தான் எழுதுகிறேன். அண்ணைக்கு அது புதுசில்லை.)

அந்தப் பெயர் தன்னோடு நின்றிருந்தால் அவர் பொறுத்திருப்பார். மகள் பிறந்தாள். தகப்பன் பெயர் அவளுக்குக் குடும்பப் பெயராகி, பள்ளிக்கூடத்தில் அவள் துளசி குணரத்தினம்.

"முகமே தெரியாத ஒருத்தன்ர பேரைப் பிள்ளை காவிக்கொண்டு திரியுது தம்பி. என்ர பேர் இந்த நாட்டிலை ஒரு கடுதாசியிலயாவது இருக்கவேணும். அவளுக்குக் காட்டவேணும்." பிறகு மெதுவாகக் கேட்டார்: "உந்தப் பெட்டியிலை எழுதினா என்ர 'காட்'டைப் பறிச்சுப்போடுவாங்களோ?"

வாழ்க்கையில் முதல்தடவையாக ஒரு படிவத்தின் பின்பக்கத்தைப் பொறுமையாக வாசித்தேன். தொழிலுக்கு எந்தப் பெயரும் வைக்கலாம். இன்னொருவர் பாவிக்கிற பெயராக இருக்கக்கூடாது, அவ்வளவுதான்.

"இது வேறை ஆரும் பாவிக்கிற பேரோ அண்ணை?"

"இல்லைத் தம்பி. ஒருத்தரும் பாவிக்கேல்லை. கனகாலமாச் சும்மா கிடக்குது."

எழுதினேன். கீழே குணரத்தினம் என்று அவர் கையெழுத்து வைத்தார்.

அதன்பிறகு பதிவுக் கடிதம் வரும்வரை மனிதர் சரியாகச் சாப்பிடவில்லை. வந்ததும் உறையை உடைக்காமல், ஒன்பது வயது மகளையும் கூட்டிக்கொண்டு என்னிடம் ஓடிவந்தார். "நீர் உடையும். சத்தமா வாசியும்."

நானும் அலுவலகக் குரலை எடுத்து, "தொழிற்பெயர், சிவபாதம்!" என்றேன்.

எந்த வரவேற்பறையிலும் எழும்பாத மனிதர் கதிரை விழ எழும்பி, "ப்ரெசான்!" என்று, வரவு சொல்லும் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரிக் கையைத் தூக்கினார். கொப்பி எடுக்க நின்ற சனம் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. "அது ஆர் பப்பா?" என்று துளசி பிரெஞ்சில் கேட்டாள். "நான்தான் பிள்ளை" என்று அவர் தமிழில் சொன்னார். பிறகு இருவரும் அந்தக் கடுதாசியை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

அவர் ஓட்டித் திரிந்த வானிலும் பெரிய எழுத்தில் பெயர் ஏறியது. சனம் அதை முதலாளியின் பெயர் என்றே நினைத்தது. "கிரைண்டர் நிண்டு நாலு நாளாக் கடையிலை தோசை இல்லை, உங்கட முதலாளி சிவபாதத்தாருக்குச் சொல்லுங்கோ!" என்று ஒரு சாப்பாட்டுக் கடைக்காரர் இரைந்தார்.

"சொல்லுறன். அவர் நல்ல மனுசன், கேப்பார்" என்றார் அண்ணை, முகத்தில் ஒரு மாற்றமும் இல்லாமல்.

இப்போது அவருக்கு வயதாகிவிட்டது; பாரிசுக்கு வெளியே பியர்ஃபித்தில் மகளோடு இருக்கிறார். எங்கள் வீட்டுக் கிரைண்டர், அவர் கைபட்டதாலோ என்னவோ, பழுதாகவே மாட்டேன் என்கிறது. ஆனாலும் மாதம் ஒருதரம் போன் எடுப்பேன்.

"சிவபாதமண்ணை!"

"ஓம், சொல்லும். என்ன பழுது?"

"ஒரு பழுதும் இல்லை அண்ணை. சும்மா கூப்பிட வேணும்போலை இருந்தது."