கரமனைக் கௌபாயும் ஜட்காக் குதிரையும்

நாம் பொறாமைப்படுகிற ஆள் கொஞ்சம் தூரத்தில் இருப்பது உடம்புக்கு நல்லது. எனக்கு வாய்த்தவன் பக்கத்து வீட்டிலேயே இருந்தான். பெயர் சீனு.

சென்னையில் ஒரு ஸ்டூடியோவில் காமிரா தூக்கிக்கொண்டிருந்தவன், அந்தக் காமிராவையே இரவல் வாங்கிக்கொண்டு எங்கள் கரமனை அக்கிரகாரத்துக்கே திரும்பி வந்து இறங்கினான். ஊமைப் படக் காலம். திருவனந்தபுரம் கொட்டகையில் அமெரிக்கக் கௌபாய்கள் குதிரையில் பறக்கிற குட்டிப் படங்களை நாங்கள் வாய் பிளந்து பார்ப்போம். அதுபோல ஒன்றை இவனும் எடுக்கப் போகிறானாம். அக்கிரகாரமே அவனை 'டைரக்டர்' என்று கூப்பிட்டது. (நான் சர்க்கார் குமாஸ்தா. என்னை யாரும் குமாஸ்தா என்றுகூடக் கூப்பிட்டதில்லை.) புதிதாகக் கல்யாணமாகி வந்திருந்த என் மனைவி கமலமும் அதில் சேர்ந்துகொண்டாள்.

"சீனு அண்ணாவோட மூளை அசாத்தியமாக்கும்," என்றாள், எனக்கு மோர் விட்டுக்கொண்டே. என்னைப் பற்றியும் அவள் அப்படி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். நேரே சீனுவிடம் போய், நான்தான் கதாநாயகன் என்றேன்.

"குதிரை ஏறத் தெரியுமோடா?"

"பின்னே?" என்றேன். (தெரியாது.)

கிடைத்தது, எங்கள் தெரு வக்கீலைத் தினமும் கோர்ட்டுக்கு இழுத்துப்போகும் ஜட்காக் குதிரை. வண்டியை அவிழ்த்துவிட்டு என்னை ஏற்றினார்கள். தலையில் ஆபீசரிடம் கெஞ்சி வாங்கிய தொப்பி, இடுப்பில் தென்னைமட்டையில் செதுக்கிய துப்பாக்கி. தெருக்கோடியில் நண்பன் வெங்குவுக்குப் புடவை சுற்றி மரத்தில் கட்டியிருந்தார்கள். அவளை(!) நான் மீட்க வேண்டும்.

குதிரை நன்றாகத்தான் ஓடியது. வாசலில் நின்ற கமலத்தைக் கடக்கும்போது நெஞ்சை நிமிர்த்தினேன். எங்கள் வீட்டைத் தாண்டினால் வக்கீல் வீடு. குதிரை வழக்கம்போல அங்கே நின்றது. நான் நிற்கவில்லை, அதன் கழுத்துவரை போய்க் கட்டிக்கொண்டேன்.

வக்கீல் கேஸ் கட்டோடு வெளியே வந்தார். "வண்டி எங்கேடா? நீ மேலே ஏறி என்ன பண்றாய்? கோர்ட்டுக்கு நாழியாச்சு."

உதைத்தேன், கெஞ்சினேன். வக்கீலை ஏற்றாமல் அது நகர்வதாக இல்லை. படுபாவி சீனு காமிராவைச் சுற்றுவதை நிறுத்தவே இல்லை.

கொட்டகையில் அதைப் போட்டபோது ஜனங்கள் பெஞ்சிலிருந்து விழுந்து சிரித்தார்கள். அதைச் சென்னையில் காட்டித்தான் சீனுவுக்கு முதல் பட வாய்ப்பே கிடைத்தது. என் மானம் போனதில் அவன் நிஜமாகவே டைரக்டர் ஆகிவிட்டான். அதைவிட வயிற்றெரிச்சல், கமலம் கைதட்டிக் கைதட்டிச் சிரித்தது. கல்யாணமானதிலிருந்து அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை.

வீடு திரும்பும்போது கேட்டேவிட்டேன். "அவ்வளவு கைதட்டினாயே, யாருக்கு? எனக்கா, சீனுவுக்கா?"

கமலம் நியாயமாக யோசித்தாள். "குதிரைக்குத்தான்." அன்றிலிருந்து அந்தக் குதிரை தெருவில் வந்தாலே நான் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வேன்.

இன்றைக்கும் நான் எதற்காவது அப்படி முகத்தைத் தூக்கினால், என் பெண் சமையலறையைப் பார்த்துக் குரல் கொடுக்கிறாள்: "அம்மா, அப்பா குதிரையைப் பார்த்துட்டார்."