ரேஷ்மியின் படிப்புக் கடன் குறித்து அத்தானுக்கு

கரமனை,
திருவனந்தபுரம்.

மதிப்பிற்குரிய அத்தான் வேலாயுதன் அவர்களுக்கு, மைத்துனன் பகவதிப்பெருமாள் பணிவுடன் எழுதுவது. இங்கே நானும் சுசீலாபாயும் மகள் அனுஷாவும் மூச்சு விட்டுக்கொண்டிருக்கிறோம். அதற்கு இன்னும் ஃபீஸ் போடவில்லை. அங்கே நீங்களும் அக்காவும் ரேஷ்மியும் சுகமென்று நம்புகிறேன். போனில் சொன்னால் அக்கா அழுவாள் என்பதால் கடிதமாக எழுதுகிறேன்.

உங்கள் மகள் ரேஷ்மியை அனுஷா படித்த அதே என்ஜினீயரிங் கல்லூரியில் சேர்க்கலாமா, கல்விக் கடன் எப்படி வாங்குவது என்று கேட்டிருந்தீர்கள். வாங்குவது ரொம்பச் சுலபம் அத்தான். கையெழுத்துப் போடத் தெரிந்தால் போதும். நான் முப்பத்திரண்டு போட்டேன். ஐந்து லட்சத்தை என் கண்ணிலேயே காட்டாமல் நேரே கல்லூரிக்கு அனுப்பிவிட்டார்கள். படிக்கிற பிள்ளை சாப்பிடவும் செய்யும் என்பது மட்டும் அதில் யாருக்கும் நினைவில்லை. வீட்டிலிருந்து கல்லூரிக்குப் பதினெட்டே கிலோமீட்டர். ஆனாலும் ஹாஸ்டலில் தங்கியே தீர வேண்டும் என்பது அவர்கள் சட்டம். மெஸ் பில்லில் கழிவு வேண்டுமென்றால் தொடர்ந்து ஐந்து நாள் அங்கே சாப்பிடாமல் இருக்க வேண்டுமாம். ஒருமுறை காய்ச்சலில் வீட்டுக்கு வந்து நாலு நாள் கிடந்தாள், ஐந்தாம் நாள் காலையில் குணமாகிவிட்டது. "இன்னும் ஒரு நாள் படுத்துக் கிடக்கப்பிடாதா மக்களே?" என்று கேட்டேன். பெற்ற தகப்பன் கேட்கிற கேள்வியா அத்தான் அது? நான்தான் கேட்டேன். மூன்றாம் வருஷம் தொழிற்சாலை பார்க்கக் கூட்டிப் போகிறோம் என்று மூவாயிரத்து இருநூறு வாங்கினார்கள். திரும்பி வந்தவளிடம் கேட்டால் கல்லாறு போனோம் என்கிறாள். "கல்லாத்துல என்ன ஃபேக்டரி?" என்றேன். "ஆறு உண்டு அப்பா. பஸ் கேடாயிப் போச்சு, எல்லாரும் குளிச்சோம்."

படித்து முடித்துக் கழக்கூட்டத்தில் ஒரு கம்பெனியில் சேர்ந்தாள். ஆறு மாதம் பயிற்சி, சம்பளம் கிடையாது. பிறகு பதினாலாயிரம். ராத்திரி ஷிஃப்ட் என்பதால் அங்கேயே ஒரு லேடீஸ் ஹாஸ்டல், அதற்கு ஏழாயிரம். கடன் தவணை ஒன்பதாயிரம். மீதியை நீங்களே கழித்துப் பாருங்கள், எனக்கு அலுத்துவிட்டது. குறைகிற பணத்தை நான் போட்டு வந்தேன். சுசீலாபாய் வழுக்கி விழுந்து கை முறிந்த பிறகு மூன்று தவணை நின்றுபோயிற்று.

கடன் கொடுத்த அந்த பேங்க் வாசலில்தான் நான் நாலு வருஷமாகக் காவல் நின்றேன் என்பது உங்களுக்குத் தெரியும். இரண்டு வருஷத்துக்கு முன் வந்த மேனேஜர் ஸ்ரீகுமார் சாருக்கு நான் தினமும் சல்யூட் அடிப்பேன். அவர் என்னை 'செக்யூரிட்டி' என்று கூப்பிடுவார். போன மாதம் ஒருநாள் என் சட்டைப்பையில் போன் அடித்தது.

"பகவதிப்பெருமாள் அல்லே? மூணு தவணை முடங்கிக் கிடக்கு. நாளைக்கே பிராஞ்சில் வந்து என்னைக் காணணும்."

"வந்தாச்சு சாரே."

"எவிடே?"

"வாசல்ல."

கண்ணாடி அறைக்குள் அவர் தலை நிமிர்ந்தது. பழக்கதோஷத்தில் சல்யூட் அடித்துவிட்டேன். அவரும் பாவம், என்ன செய்வதென்று தெரியாமல் கையை உயர்த்தினார். என் பெயர் அவருக்குத் தெரிந்தது அன்றைக்குத்தான். தெரிந்த மூன்றாம் நாள், கடன் பாக்கிக்காரனை வாசலில் நிறுத்துவது பேங்குக்குக் குறைச்சல் என்று மேலிடத்தில் சொன்னதாக ஏஜென்சி என்னைக் கழக்கூட்டத்தில் ஒரு ஏடிஎம்முக்கு மாற்றிவிட்டது. நாற்காலி கிடையாது. பஸ் காசு என்னுடையது. முதல் நாள் காலையில் ஷிஃப்ட் முடிந்து பணம் எடுக்க வந்த பெண் அனுஷா. என்னையும் யூனிஃபார்மையும் மாறிமாறிப் பார்த்தாள். பணம் எடுக்காமலே போய், தோசைப் பொட்டலத்தோடு வந்து நின்றாள். "என்ன விலை?" என்றேன். "ஒண்ணும் கேக்காண்டாம் அப்பா, சாப்பிடுங்க" என்றாள். ஏடிஎம் கதவில் சாய்ந்து நின்றபடியே சாப்பிட்டேன்.

ஆகவே அத்தான், என் காலில் விழுந்து கேட்டாலும் நான் சரியென்று சொல்ல மாட்டேன். ரேஷ்மி டவுன் பஸ்ஸில் போய் அங்கேயே பி.காம் படிக்கட்டும், மத்தியானச் சோற்றைத் தூக்குவாளியில் கொண்டு போகட்டும். அக்காவுக்கு என் வணக்கம். ரேஷ்மிக்கு என் ஆசீர்வாதம். வட்டியில்லாதது என்பதால் தாராளமாகவே தருகிறேன்.

இப்படிக்கு,
பகவதிப்பெருமாள்

பின்குறிப்பு: இதை ஒட்டுவதற்குள் ரேஷ்மி சர்ட்டிபிகேட்டுகளோடு வந்து இறங்கிவிட்டாள். பஸ் காசு கொடுத்து அனுப்பியது அக்கா. தெரியாதவர் நீங்கள் ஒருவர்தான். புத்தி வரட்டும் என்று கடிதத்தை அவளுக்கு உரக்கப் படித்துக் காட்டினேன். லீவில் வந்திருந்த அனுஷா குறுக்கே கேட்டாள்: "இவ்வளவு எழுதியிருக்கீங்களே அப்பா, என்னைப் படிக்க வச்சது தப்புன்னு எங்கயாவது உண்டா?" கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு இரண்டு தடவை தேடினேன். இல்லை. அட்மிஷன் திங்கட்கிழமை. நீங்கள் போட்டோ மூன்றும் ஆதார் நகலும் கொண்டு வந்தால் போதும். ஜாமீன் இடத்தில் நான் கையெழுத்துப் போட்டாயிற்று.