கத்திரிக்கோல் இங்கேயே இருக்கட்டும்

இரண்டாவது கிராமத்திலும் மெத்தை போட்ட கட்டில் சிநேகிதன் சுருட்டைக்கே கிடைத்தது. தையல்காரருக்குத் தரையில் ஒரு போர்வை.

தையல்காரருக்கு வயிறு எரிந்தது. விடுமுறைக்கு ஊர் ஊராகச் சுற்றலாம் என்று அழைத்தது அவர். மோட்டார் சைக்கிள் அவருடையது. பின்னால் தொற்றிக்கொண்டு வந்தவனுக்கு மட்டும் போகிற இடமெல்லாம் ராஜ உபசாரம்! வண்டி நின்றதும் சுருட்டை குதித்து, தங்க இடம் கேட்டு ஏதாவது ஒரு வீட்டுக்குள் ஓடிவிடுவான். இவர் மூட்டையை அவிழ்த்துக்கொண்டு போவதற்குள் அந்த வீட்டுச் செல்லப்பிள்ளை ஆகியிருப்பான்.

"என்ன மாயம்டா பண்றே?"

"எல்லாம் முகராசி" என்று கண்ணடித்தான் சுருட்டை.

அந்த முகராசியை ஒழித்துக்கட்டாமல் விடுவதில்லை என்று தையல்காரர் கறுவிக்கொண்டார்.

அடுத்த ஊரில் வீட்டுக்காரரைத் தனியே அழைத்தார். "அண்ணே, மறைக்கக் கூடாது. அவனுக்குக் கை கொஞ்சம் நீளம்."

"சரிங்க தம்பி, சரிங்க" என்று பொறுமையாகத் தலையாட்டிய வீட்டுக்காரர், நேரே போய் வீட்டுச் சாவியைச் சுருட்டையிடமே கொடுத்தார். "நாங்க வயலுக்குப் போறோம், பாத்துக்குங்க."

போகிற போக்கில் தையல்காரரின் மூட்டையிலிருந்து கத்திரிக்கோலை மட்டும் எடுத்துப் பரணில் வைத்தார். "இது இங்கேயே இருக்கட்டும். கிளம்பும்போது தரேன்."

அதற்கடுத்த ஊரில், "அவன் தூக்கத்துல எழுந்து ஆளை அடிப்பான்" என்று கிளப்பிவிட்டார். வீட்டுக்கார அம்மா "ஐயோ பாவம்!" என்று உருகி, சுருட்டைக்கு மின்விசிறியுள்ள அறையைக் கொடுத்தாள். தையல்காரர் படுத்த அறையை வெளியே தாழிட்டாள். தன் பாதுகாப்புக்குத்தான் என்று அவர் நினைத்துக்கொண்டார். ஆனாலும் அந்த மின்விசிறி அவர் நெஞ்சில் சுற்றிக்கொண்டே இருந்தது.

கடைசி ஊரில் பொறுமை போய்விட்டது. நுழைந்ததும் மார்பை நிமிர்த்தி, "நான்தான் முதலாளி. அவன் என்கிட்ட வேலை பாக்கிறவன்" என்றார்.

"ஆமாங்க முதலாளி, உக்காருங்க" என்று வீட்டுக்கார அம்மா நாற்காலியை இழுத்துப் போட்டாள். முதல் தட்டு அவருக்கு! தையல்காரருக்கு உச்சி குளிர்ந்தது. 'எப்படி?' என்பதுபோல் சுருட்டையைப் பார்த்தார். அவன் குனிந்தபடி சாப்பிட்டுக்கொண்டிருந்தான்.

அந்த அம்மா அவன் தட்டில் இன்னொரு கரண்டி போட்டுவிட்டு, தாழ்ந்த குரலில் சொன்னாள்:

"நீங்க வந்ததுமே சொன்னது சரிதான் தம்பி. எதுக்கும் 'ஆமா'ன்னு சொன்னா அடங்கிடறாரு. சாப்பிட்டதும் மறக்காம மாத்திரை குடுத்துடுங்க."