இழுத்தால்தான் பாட்டு

வேதமாணிக்கம் எழுந்தார். பல் தேய்த்தார். காப்பி போட்டுக் குடித்தார். ஆர்மோனியத்தைத் துடைத்து முன்னால் உட்கார்ந்தார். ராயபுரத்தில் அவருக்கு எல்லாக் காலையும் இப்படித்தான். இன்று மட்டும் எதிரே படமுதலாளி சங்கரநாராயணன் உட்கார்ந்திருந்தார்.

சுதந்திரம் வந்த மறு வருஷம் அது. இரும்பு வியாபாரத்தில் இருந்த முதலாளி, தேசத்தின் சரித்திரத்தைப் படமெடுக்கக் கிளம்பியிருந்தார். வேதமாணிக்கம் இசையமைக்க வந்த முதல் படம் அதுதான். முகப்புப் பாட்டு இன்று அமையாவிட்டால் வேறு ஆள் வருவான்.

முதல் மெட்டை வாசித்தார்.

"இது உம்ம சர்ச்சுல பாடுறதுல்லா?"

இரண்டாவதை வாசித்தார்.

"தாலி கட்டக் கூப்பிடுத மாதிரி இருக்கு. வெள்ளைக்காரன் வாறதுக்கு முந்தி இந்த மண்ணுல இருந்த பாட்டு வேணும்வே."

மூன்றாவதற்கு ஆர்மோனியத்தின் துருத்தியில் கை வைத்தார்.

"அந்தப் பெட்டியே அவன் கொண்டாந்ததுதான?"

வேதமாணிக்கம் கையை எடுத்துக்கொண்டார். பெட்டி போனால் அவரிடம் மிச்சம் ஒன்றுமில்லை. அப்போதுதான் பக்கத்து வீட்டு அங்கம்மா நினைவுக்கு வந்தாள். கடற்கரையில் மீன்பிடிக் கரைவலை இழுக்கும்போது அவள் பாட, அவள் தம்பிகள் பின்பாட்டுப் பாடுவார்கள். ஓடிப்போய் எல்லோரையும் கூட்டி வந்தார்.

"வலை இழுக்கறப்ப பாடுவியே, அதைப் பாடு அங்கம்மா."

"சும்மா நின்னுகினு பாட்னா எப்டி வரும் நைனா? கவுறு வேணும். கவுத்துக்கு அந்தாண்ட பாரம் வேணும்."

தம்பிகள் ஓடிப்போய் வலைக் கயிற்றை எடுத்து வந்து ஜன்னல் கம்பியில் கட்டினார்கள். ஐலசா என்று ஆரம்பித்து ஐலசாவிலேயே நின்றார்கள்.

"பாரம் நவுந்தாத்தான் பாட்டும் நவுரும்."

பீரோவில் கட்டினார்கள். பீரோ நகர்ந்தது. பாட்டும் ஒரு வரி நகர்ந்தது. பீரோ சுவரில் முட்டிக் கண்ணாடி கொட்டியது. பாட்டு நின்றது.

"என்னவே இது, தேசத்துக்கு ஒரு வரிதானா?" என்றார் முதலாளி.

"வூடு பத்தல சாமி." அங்கம்மா ஜன்னல் வழியே எட்டிப் பார்த்தாள். "தெருவுல நிக்கிதே, அது யாரு வண்டி?"

முதலாளியின் கார். டிரைவர் சாவியோடு பலகாரம் சாப்பிடப் போயிருந்தான். வேண்டாம் என்று சொல்ல வேதமாணிக்கம் வாய் திறப்பதற்குள், தம்பிகள் கயிற்றைக் காரின் முன்னால் கட்ட, முதலாளியே உள்ளே ஏறி, பிரேக்கை எடுத்துவிட்டு, ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டார்.

"இழுங்க!"

பாட்டு வந்தது. வண்டி உருள உருள வரி வரியாக வந்தது. வேதமாணிக்கம் கூடவே ஓடி ஸ்வரம் எழுதினார். எதிரே வந்த எருமை ஒதுங்கி வழிவிட்டது. தெருக்கோடியில் கார் நின்றது, பாட்டும் முடிந்தது. முதலாளி கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"இதுதாம்வே ஆயிரம் வருஷத்துக் குரல்! படம் உமக்குத்தான். வெள்ளிக்கிழமை ரிக்கார்டிங்."

வேதமாணிக்கத்துக்குப் புதுக் கவலை பிடித்தது. "அங்கம்மா, ஸ்டூடியோவுக்குள்ள கார் போகாதே. அங்க எதை இழுப்பீங்க?"

அங்கம்மா கயிற்றைச் சுருட்டித் தோளில் மாட்டிக்கொண்டாள்.

"அங்க இன்னாத்துக்கு இழுக்கணும் நைனா? நின்னுகினே பாட்லாம். இன்னிக்கு இந்த வண்டி, நான் கருவாடு காயப்போட்ற எடத்த அடைச்சிகினு நின்னுச்சு, அதான்."