லூட்டெஃபிஸ்க் என்றால் வலப்பக்கம்

"நம்மள்ல எவனோ ஒருத்தன் காட்டிக் குடுக்கிறான்" என்றான் ஆண்டர்ஸ், ரயில் பெட்டியில் குரலைத் தாழ்த்தி.

கேப்டன் சிகுர்டின் மூக்கில் பஞ்சு அடைத்திருந்தது. "எவன்டா?"

"அதைத்தான் யோசிக்கிறேன்."

1908-ஆம் ஆண்டின் ஆட்டப் பருவத்தில் நார்டால் கல்லூரி அணிக்காக யோசிப்பது மேனேஜர் ஆண்டர்ஸின் வேலை. ரயில் டிக்கெட், கட்டுத்துணி, தண்ணீர் வாளி எல்லாம் அவன் பொறுப்பு. கால்பந்து என்று பெயரே தவிர, மினசோட்டாவில் அதில் காலுக்குப் பெரிய வேலை கிடையாது. ஒருவன் பந்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடுவான், மற்றவர்கள் அவன்மேல் விழுவார்கள். ஓட்டத்துக்கு முன் கேப்டன் ஒரு எண்ணைக் கத்துவான். ஏழு என்றால் இடப்பக்கம், ஒன்பது என்றால் வலப்பக்கம். இது நார்டால்காரர்களுக்கு மட்டும் தெரிந்த ரகசியம். ஆனால் சிகுர்ட் ஏழு என்று கத்தினால் எதிரணி இடப்பக்கம் திரண்டு நின்றது. ஒன்பது என்றால் வலப்பக்கம். மூன்று ஆட்டம் ஆடி மூன்றும் தோல்வி.

கல்லூரித் தலைவரான பாதிரியார் கண்டிப்பாகச் சொல்லியிருந்தார். "மிச்சம் ரெண்டு ஆட்டம் இருக்கு தம்பி. ஒண்ணாவது ஜெயிச்சுக் காட்டுங்க. இல்லேன்னா மைதானத்துல உருளைக்கிழங்கு போட்டுடுவேன். அதுவாவது பிள்ளைங்க வயித்துக்கு ஆகும்."

ஆண்டர்ஸ் எதிலும் தன்னையே சந்தேகப்படுகிறவன். அறையைப் பூட்டிவிட்டு, பூட்டினோமா என்று திரும்பி வந்து பார்ப்பான். ஒரு விஷயத்தில் மட்டும் அவனுக்குத் தன்மேல் சந்தேகமே இல்லை. எந்தக் கோடியில் ஆள் விழுந்தாலும், அவன் கண் திறக்குமுன் முகத்தில் ஈரத்துணி இருக்கும். எதிரணிக் கேப்டன் ஒருவனே தேடி வந்து கைகுலுக்கி, "உங்களை மாதிரி மேனேஜர் கிடைக்கக் குடுத்து வெச்சிருக்கணும்" என்று சொல்லிவிட்டுப் போனான். அன்று முழுவதும் ஆண்டர்ஸுக்குக் கால் தரையில் பாவவில்லை.

நான்காவது ஆட்டத்துக்குமுன் அவன் எண்களை ஒழித்தான். "இனிமே நம்ம நார்வே வீட்டுச் சாப்பாட்டுப் பேரு. லெஃப்ஸெ ரொட்டின்னா இடப்பக்கம். லூட்டெஃபிஸ்க் மீன்னா வலப்பக்கம்."

"அந்த மீன் பேரைக் கேட்டாலே எனக்கு வயித்தைப் புரட்டுது" என்றான் டோர்கெல். பந்தைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறவன் அவன்தான். ஆண்டர்ஸின் அறைத்தோழனும்கூட.

"அப்ப மறக்க மாட்டே."

எதிரணி முழுக்க ஜெர்மன்காரப் பிள்ளைகள். நார்வே பாஷை ஒரு சொல் தெரியாது. சிகுர்ட் "லூட்டெஃபிஸ்க்!" என்று கத்தினான். பதினோரு ஜெர்மானியரும் பந்தி போட்டதுபோல் வலப்பக்கம் வந்து உட்கார்ந்தார்கள்.

இடைவேளையில் ஆண்டர்ஸ் நகத்தைக் கடித்தான். "சரி, லத்தீன். டெக்ஸ்டர்னா வலது. சினிஸ்டர்னா இடது."

"டேய், லத்தீனா?" என்றான் டோர்கெல் பரிதாபமாக.

"ரெண்டே சொல்லுடா!"

"டெக்ஸ்டர்!" என்றான் சிகுர்ட். டோர்கெல் ஒரு கணம் விழித்துவிட்டு இடப்பக்கம் ஓடினான். அங்கே ஈ காக்கை இல்லை. எல்லைக் கோட்டைத் தாண்டிப் பந்தை வைத்துவிட்டு, ஏன் யாரும் மேலே விழவில்லை என்று திரும்பிப் பார்த்தான். வலக்கோடியில் வாளியோடு நின்ற ஆண்டர்ஸ் வாயைப் பிளந்தான்.

பருவம் முழுவதிலும் நார்டால் எடுத்த புள்ளிகள் அவை மட்டுமே. ஆட்டம் என்னவோ தோல்விதான்.

திரும்பும் ரயிலில் ஆண்டர்ஸ் முடிவுக்கு வந்துவிட்டான். "ஆள் இல்லாத பக்கம் எதுன்னு உனக்கு மட்டும் எப்படிடா தெரிஞ்சுது?"

"எனக்கா? லத்தீன்ல ரெண்டு தடவை ஃபெயிலானவன்டா நான்! குத்துமதிப்பா ஓடினேன்!"

"சனிக்கிழமை சாயங்காலமானா தலைக்கு எண்ணெய் தடவிக்கிட்டு எங்க போறே?"

டோர்கெலின் காது சிவந்தது. ஸ்வீடன்காரர்கள் குடியேறிய ஸ்வென்பெரி ஊர் பேக்கரிக்காரர் மகள் எப்பாவைப் பார்க்கப் போகிறான். கடைசி ஆட்டமோ அந்த ஸ்வென்பெரிக் கல்லூரியோடுதான்.

"ஸ்வீடன்காரிக்காக எங்களை வித்துட்டியேடா!" என்றான் சிகுர்ட்.

"அவகிட்ட நான் பந்தைப் பத்திப் பேசுவேன்னு நினைக்கிறியா? அவ்வளவு மடையனா நான்?"

யாரும் கேட்கவில்லை. டோர்கெலை அணியிலிருந்து நீக்கினார்கள். அவன் ஆண்டர்ஸின் முகத்தைப் பார்க்காமல் தன் போர்வையைச் சுருட்டிக்கொண்டு வேறு அறைக்குப் போனான். காலியான கட்டிலை ஆண்டர்ஸ் இரண்டு தடவை திரும்பி வந்து பார்த்தான். ஆனாலும் கடமை கடமைதான்.

நவம்பர் கடைசியில் வரும் நன்றி தெரிவிக்கும் பண்டிகை நாளன்று நார்டால் மைதானத்தில் கடைசி ஆட்டம். சொற்களை மறுபடி மாற்றியாகிவிட்டது, துரோகியையும் விரட்டியாகிவிட்டது. ஆண்டர்ஸ் முன்னெப்போதையும்விடச் சுறுசுறுப்பாக ஓடினான். ஸ்வென்பெரி முப்பது, நார்டால் பூஜ்யம்.

ஆட்டம் முடிந்ததும் பாதிரியார் கைத்தடியால் மண்ணைக் குத்திக் குத்திப் பதம் பார்க்கத் தொடங்கினார்.

எதிர்ப்பக்க வேலியோரம் டோர்கெலும் எப்பாவும் ஆப்பிள் கேக் தின்றுகொண்டிருந்தார்கள். ஆண்டர்ஸ் காலி வாளியோடு அவர்கள் முன்னால் போய் நின்றான்.

"இனிமே ஒளிக்க ஒண்ணும் இல்லைங்க. எல்லாம் போச்சு. இவனைத் துரத்தினப்புறமும் தோத்தோம். உங்க ஆளுங்களுக்கு எங்க ரகசியச் சொல்லை யாருதான் சொல்றாங்க?"

"நான் சொல்லலைடா" என்றான் டோர்கெல், வாயில் கேக்கோடு.

எப்பா இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"சொல்லா? அதையெல்லாம் யாருங்க காதுல வாங்கறா? பந்து கிளம்பறதுக்கு முந்தியே வாளியைத் தூக்கிக்கிட்டு நீங்க எந்தப் பக்கம் ஓடறீங்களோ, எல்லா ஊர்க்காரங்களும் அந்தப் பக்கம்தானே போய் நிக்கிறாங்க!"