டாலிகஞ்சின் மகாகாலச் சுழி

பூவுலகின் மற்ற பள்ளங்களெல்லாம் வெறும் பள்ளங்கள். மக்கள் வரிசையில் நின்று கும்பிட்டுவிட்டுப் போன ஒரே பள்ளம் என்ற பெருமை, கல்கத்தாவின் டாலிகஞ்சில் அரசு ஊழியர் காலனி வாசலில் இருக்கும் பள்ளத்துக்கே உரியது. அதை அந்த உயரத்துக்குக் கொண்டுபோனவர், அலிப்பூரில் ஓர் அலுவலகத்தில் சூப்பரின்டெண்டாக இருக்கும் கோவிந்தராஜன். ஒரு பள்ளத்தை உயரத்துக்குக் கொண்டுபோவது லேசுப்பட்ட காரியமில்லை.

அது யாரும் தோண்டியதல்ல. ஜூலை மழையில் சாலை தானாகவே உள்வாங்கிக்கொண்டது. முதல் வாரத்தில் மீன்காரரின் தராசை விழுங்கியது. ஆழம் பார்க்க விட்ட மூங்கிலைத் திருப்பித் தரவில்லை. கோவிந்தராஜன் வார்டு அலுவலகத்துக்குப் பதினொரு கடிதங்கள் எழுதினார். பதினொன்றும் அப்பழுக்கில்லாத கடிதங்கள். பதில்தான் இல்லை.

அவருக்கு அவசரம் இருந்தது. மகள் சுபிக்ஷா பிரசவத்துக்கு வந்திருந்தாள். நவம்பர் நடுவில் நாள் குறித்திருந்தார்கள். காலனியை விட்டு வண்டி வெளியே போக அந்த ஒரே வழிதான்.

"ஏன்னா, ஆம்புலன்ஸ் வந்தா எப்படிப் போகும்? பறக்குமா?" என்று மனைவி சுந்தரவல்லி தினமும் காப்பியோடு கேள்வியையும் நீட்டினாள்.

அப்போதுதான் பூஜா கமிட்டிச் செயலாளர் பொல்ட்டு தா வந்தார். வங்காளத்தில் 'தா', 'தாதா' என்றால் அண்ணா. துர்கா பூஜைக்குப் பந்தல் மட்டும் போட்டால் போதாது, 'தீம்' வேண்டும் என்பது கல்கத்தாவின் நாகரிகம்.

"கோவிந்த் தா, இந்த வருஷம் நம்ம தீம் 'அந்தரலோகம்'. எங்கேயுமே இல்லாத உலகம். அதுல மகாகாலச் சுழின்னு ஒரு பயங்கரமான இடம். ஏழு ராஜகுமாரங்க இறங்கினாங்க, ஒருத்தன்கூடத் திரும்பலை. எப்படி?"

"பேஷ். சுழிக்கு எங்கே போவீங்க?"

பொல்ட்டு தா காலனி வாசலைப் பார்த்துக் கைகூப்பினார். "மா துர்காவே குடுத்துட்டாளே!"

கோவிந்தராஜனுக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "அதை மூடச் சொல்லி நான் நாயா அலைஞ்சிண்டிருக்கேன்..."

"பரிசு கிடைச்சா பெரிய மனுஷங்க வருவாங்க, தாதா. அவங்க கார் வரணும்னா பள்ளம் மறுநாளே மூடிடும். உங்க பதினொரு கடிதத்துல நடக்காதது ஒரு பரிசுல நடக்கும்."

ஒரே ஒரு சிக்கல். நிஜப் பள்ளத்தின் பக்கத்தில் பந்தலுக்கு வார்டு அலுவலகம் அனுமதி தராது. அது நிஜமில்லை என்று யாராவது எழுதிக்கொடுக்க வேண்டும். "உங்க டிராஃப்டிங் இந்த ஊர்ல யாருக்கு வரும்?" என்றார் பொல்ட்டு தா. முப்பது வருஷ சர்வீஸ் அந்த இடத்தில்தான் வழுக்கியது.

'மேற்படி பள்ளம் கலைநோக்கோடு உருவாக்கப்பட்ட கற்பனையான நிலவியல் அமைப்பு என்றும், விழா முடிந்ததும் முற்றிலும் அகற்றப்படும் என்றும் இதன்மூலம் உறுதியளிக்கிறேன்' என்று எழுதிக் கையெழுத்திட்டார். 'நிலவியல் அமைப்பு' என்பதை இரண்டு தரம் வாய்விட்டுப் படித்து மகிழ்ந்தார்.

சுந்தரவல்லி எட்டிப் பார்த்தாள். "ஏன்னா, பள்ளத்தை எப்படி அகற்றுவா? தூக்கிண்டு போவாளா?"

"உனக்கு ஆபீஸ் பாஷை புரியாது."

பக்கத்துச் சினிமா ஸ்டுடியோ ஆட்கள் வந்து ஃபைபர் பாறைகளை அடுக்கினார்கள். நீல விளக்குப் போட்டார்கள். புகை மெஷினை இறக்குவதற்காக இன்னும் இரண்டடி தோண்டினார்கள். ஹவுராவிலிருந்தெல்லாம் கூட்டம் வந்தது. நடுவர் ஒருவரின் செருப்பு உள்ளே போனது. 'பார்வையாளர் பங்கேற்பு' என்று அதற்கு முழு மதிப்பெண் போட்டார்கள். 'இயற்கையை விஞ்சிய கற்பனை' விருதும் கிடைத்தது. பெரிய மனிதர்கள் சொன்னபடியே வந்தார்கள். கார்களைப் பெரிய ரோட்டிலேயே நிறுத்திவிட்டு, நடந்து வந்து, பள்ளத்தைக் கும்பிட்டுவிட்டுப் போனார்கள்.

பூஜை முடிந்து துர்கை கங்கைக்குப் போனாள். பாறைகள் ஸ்டுடியோவுக்குப் போயின. பள்ளம் எங்கும் போகவில்லை.

கோவிந்தராஜன் பன்னிரண்டாவது கடிதம் எழுதினார். மூன்றே நாளில் பதில் வந்தது! 'தங்கள் உறுதிமொழியின்படி கற்பனைப் பள்ளம் முற்றிலும் அகற்றப்பட்டதாகப் பதிவு செய்யப்பட்டுள்ளது. தங்களின் முந்தைய பதினொரு கடிதங்களும் இத்துடன் முடித்துவைக்கப்படுகின்றன. ஒத்துழைப்புக்கு நன்றி.'

நவம்பர் பதினாறாம் தேதி காலை ஒன்பது மணிக்கு சுபிக்ஷாவுக்கு வலி கண்டது. ஆம்புலன்ஸ் உள்ளே வரும்போது எப்படியோ ஓரமாக ஒடித்து வந்துவிட்டது. வெளியே போகும்போது, 'முற்றிலும் அகற்றப்பட்ட' பள்ளத்தில் முன்சக்கரம் இறங்கி நின்றது.

"அப்பா, டூ சம்திங்!" என்று உள்ளேயிருந்து சுபிக்ஷா அலறினாள்.

கோவிந்தராஜன் தன் வாழ்நாளில் முதல்முறையாக, கையில் காகிதமே இல்லாமல் ஒரு காரியத்தில் இறங்கினார். சேற்றில் நின்று பம்பரைப் பிடித்துத் தள்ளினார். காலனியே சேர்ந்து தள்ளியது. வண்டி அசையவில்லை. சுந்தரவல்லியும் ஆம்புலன்ஸில் வந்த நர்ஸும் பார்த்துக்கொள்ள, பேத்தி அங்கேயே பிறந்தாள். தாயும் சேயும் சௌக்கியம். குழந்தையின் அழுகை கேட்டதும் அவரும் சேற்றிலேயே உட்கார்ந்து அழுதுவிட்டார். அதில் பாதி சந்தோஷம், பாதி வெட்கம்.

தன் வாசலுக்கு வெளியே பிறந்த குழந்தையைப் பதிவு செய்ய ஆஸ்பத்திரி மறுத்துவிட்டது. எனவே மாப்பிள்ளை சாய் கிருஷ்ணா பெயரில் விண்ணப்பம் பூர்த்தி செய்து, கோவிந்தராஜனே வார்டு அலுவலகத்துக்கு எடுத்துப்போனார். 'பிறந்த இடம்' என்ற கட்டத்தில் இந்தத் தடவை உள்ளது உள்ளபடி எழுதியிருந்தார்.

எழுத்தர் கம்ப்யூட்டரைத் தட்டினார். "இப்படி ஒரு பள்ளமே கிடையாதே, தாதா."

"இருக்கு. என் பேத்தி அதுலதான் பிறந்தா."

"ரெக்கார்டுல 'கற்பனை'ன்னு இருக்கு. இல்லாத இடத்துல பிறந்த குழந்தைக்கு எப்படிச் சான்றிதழ் தர்றது?"

எழுத்தர் இளகிய மனசுக்காரர். கோப்பைத் தோண்டித் துருவிப் பழைய உறுதிமொழிக் கடிதத்தைத் திரையில் கொண்டுவந்தார். படிக்கப் படிக்க அவர் முகம் சிவந்தது.

"சீச்சீ! யாரோ ஒரு கோவிந்தராஜனாம். நிஜப் பள்ளத்தைக் கற்பனைன்னு கூசாம எழுதிக் குடுத்திருக்கான். பச்சைக் குழந்தை சேத்துல பிறந்திருக்கு! இந்த மாதிரி ஆளைச் சும்மா விடக்கூடாது, தாதா. அவன் மேல ஒரு புகார் எழுதிக் குடுங்க."

வெள்ளைத்தாளையும் பேனாவையும் அவர் முன்னால் தள்ளினார்.

"உங்களுக்கு நல்லா எழுத வருமில்ல?"