தவிட்டுக்கு வாங்கிய ஜெவியோ

குழந்தைக்குப் பெயர் வைக்கும் வேலையை அறிவாளிகளிடம் ஒப்படைக்கவே கூடாது. பட்டவன் சொல்கிறேன். எங்கள் குடும்பத்தில் அறிவாளி என்று பெயர் எடுத்தவன் நான் ஒருவன்தான். (யார் கொடுத்த பெயர் என்று கேட்காதீர்கள், நானே எடுத்துக்கொண்டது.) தங்கவயலில், சுரங்கத் தொழிலாளர்களுக்குக் கட்டிய வரிசை வீடுகளான லைன்களில் ஒன்றில், ஸ்கெலட்டன் லைனில் பிறந்து, விடிவதற்குள் ரயிலேறி பெங்களூருக்குப் போய், ஒரு விளம்பரக் கம்பெனியில் கம்ப்யூட்டர் முன்னால் குந்தியிருந்துவிட்டு இருட்டிய பிறகு வீடு திரும்புகிறவன். அப்படிப்பட்ட ஆபீசில் கொஞ்ச காலம் இருந்தாலே போதும், நிறங்களைப் பற்றியும் எழுத்துக்களைப் பற்றியும் தாங்க முடியாத ரசனை வந்துவிடும். எனக்கு வந்தது.

சிரிப்பதற்கு முன் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். ஜெவியோ எங்களுக்கு இரண்டாவது குழந்தை. முதலாவது பிறந்த சில நாட்களிலேயே போய்விட்டது. பெயர் வைத்திருக்கவில்லை. அடக்கம் செய்யும் இடத்தில் யாரோ பெயர் கேட்டார்கள். எனக்குச் சொல்வதற்கு ஒன்றும் இல்லை. மண் போடும்போது ஒரு பெயர்கூடச் சொல்லி அழ முடியவில்லையே என்று என் மனைவி ஜெயந்தி வெகுநாள் சொல்லிக்கொண்டிருந்தாள். பிறகு சொல்வதை நிறுத்திவிட்டாள். அது இன்னும் மோசமாக இருந்தது.

அதனால் அவள் மறுபடி உண்டானபோது, குழந்தை வருவதற்கு முன்பே பெயர் தயாராகக் காத்திருக்க வேண்டும் என்று முடிவு செய்தேன். ஆணா பெண்ணா என்று முன்கூட்டித் தெரியாது, ஆகவே இரண்டுக்கும் பொருந்த வேண்டும். ஏற்கெனவே யாரோ வைத்துக்கொண்டு வாழ்ந்து செத்துப்போன பெயராகவும் இருக்கக் கூடாது. அதுவரை உலகத்தில் யார் வாயிலும் படாத பெயர் வேண்டும். ரயிலில் போகவர மாதக்கணக்கில் இதே யோசனை. கடைசியில் ஜெயந்தியில் ஒரு ஜெ, ரவி என்கிற என் பெயரில் ஒரு வி, முடிவில் சும்மா ஒரு யோ. ஜெவியோ! கண்டுபிடித்த அன்று, எனக்கு எதிரே தூங்கிக்கொண்டிருந்த ரயில் சிநேகிதரை எழுப்பிச் சொன்னேன்.

"போன் கம்பெனி பேரு மாதிரி கீது" என்று சொல்லிவிட்டு அவர் மறுபடி கண்ணை மூடிக்கொண்டார்.

குழந்தை நல்லபடியாகப் பிறந்தது. (ஆணா பெண்ணா என்பதை இங்கே சொல்லப் போவதில்லை. அவ்வளவு பாடுபட்டுப் பொதுப் பெயர் வைத்துவிட்டு அதை நானே கெடுக்க மாட்டேன்.) மூன்றாம் மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை பெயர் வைப்பதாக ஏற்பாடு. பிறப்புச் சான்றிதழில் அதற்கு முன்பே ஜெவியோ ஏறியாகிவிட்டது. எதிர்ப்பு வரும் என்று தெரிந்துதான் முந்திக்கொண்டேன்.

எதிர்ப்பு என்பது என் அக்கா கஸ்தூரி. இரண்டு லைன் தள்ளிக் குடியிருக்கிறாள். எங்கள் வழக்கத்தில் குழந்தையின் காதில் பெயர் சொல்லும் உரிமை அத்தைக்குத்தான். அந்த உரிமையை இடுப்பில் செருகிக்கொண்டு வந்து நின்றாள்.

"இன்னாடா பேரு இது? மொதல் கொயந்த தவறிப்போன வூட்ல அடுத்ததுக்குக் குப்புன்னுதான்டா வைப்பாங்க. குப்பையில கெடத்தி, பக்கத்து வூட்டுக்காரி கைல குடுத்து, தவுட்டுக்குத் திரும்ப வாங்கணும். எமன் வந்து பாத்தா, சீ, இது இன்னா குப்பைன்னு வுட்டுட்டுப் போயிடுவான். நம்ம லைன்ல எத்தினி குப்பு, எத்தினி பிச்ச கீறாங்க, எல்லாம் நல்லாத்தானே கீறாங்க?"

"எமனுக்கே காது குத்தப் பாக்கறியாக்கா?" என்றேன்.

அறிவாளியின் பேச்சல்லவா, நானே சிரித்தேன். ஜெயந்தியும் சிரித்தாள். ஆனால் கொஞ்சம் தாமதித்துத்தான் சிரித்தாள். அந்தத் தாமதத்தை அப்போது நான் கவனிக்கவில்லை. அக்கா முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு போய்விட்டாள்.

ஊர் அறியப் பெயரை அறிவிக்க வேண்டும் என்று எனக்கு ஆசை. தண்ணீர் டேங்க் முனையில் ஒரு ஃப்ளெக்ஸ் பேனர் கட்டலாம் என்று நினைத்தேன். எங்கள் பக்கத்துப் பேனர்களை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். ரோஸ் நிறம், பலூன், பொம்மைக் கரடி, ஓரத்தில் மாமன்கள் அத்தனை பேரும் கூலிங் கிளாஸோடு. என் குழந்தைக்கு அந்த அசிங்கம் வேண்டாம். நானே வடிவமைத்தேன். கறுப்புப் பின்னணி. நடுவில் கறுப்பு வெள்ளையில், வெள்ளைத் துணிக்குள் கண்மூடித் தூங்கும் குழந்தை. கீழே பெயர். அதற்குக் கீழே சின்னதாக, 'ஞாயிறு காலை பத்து மணி', வீட்டு எண், லைன். 'பெயர் சூட்டு விழா', 'அனைவரும் வருக' என்றெல்லாம் போட்டால் நாட்டுப்புறமாகிவிடும் என்று ஒதுக்கிவிட்டேன். சொல்லாமல் விடுவதில்தான் அழகு இருக்கிறது என்று எங்கள் ஆபீசில் அடிக்கடி சொல்வார்கள்.

பிரிண்டிங் கடைக்காரர் திரையில் படத்தைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"உங்க கொழந்தையா சார்?"

"ஆமாங்க."

எழுந்து போய், கடையில் ஓடிக்கொண்டிருந்த பாட்டை நிறுத்தினார். எனக்குக் குடிக்கத் தண்ணீர் கொடுத்தார். "நானே கொண்டுபோய்க் கட்டிடறேன், நீங்க அலையாதீங்க" என்றார். கிளம்பும்போது என் தோளைத் தொட்டு, "வூட்ல அவங்களப் பாத்துக்கோங்க சார்" என்றார். ஒரு கலைஞனை இன்னொரு கலைஞன்தான் அடையாளம் கண்டுகொள்வான் என்று நினைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

இங்கே எங்கள் ஊரின் பழக்கம் ஒன்றைச் சொல்ல வேண்டும். சுரங்கம் ஓடிய காலத்தில் நேரங்கெட்ட நேரத்தில் சங்கு ஊதினால், எல்லா லைன்களும் ஷாஃப்ட் என்கிற சுரங்கக் குழியின் வாசலுக்கு ஓடும். ஆட்களை ஏற்றி இறக்கும் கேஜ் மேலே வந்து கதவு திறந்த பிறகுதான் போனது யார் என்று தெரியும். அதனால் சாவு என்றால் யார், எவர், எப்படி என்று எங்கள் ஆட்கள் விசாரித்துக்கொண்டிருக்க மாட்டார்கள். முதலில் போய் நிற்பார்கள். சுரங்கம் மூடி எவ்வளவோ காலமாகியும் இந்த மரியாதையை மட்டும் யாரும் மூடவில்லை. தண்ணீர் டேங்க் முனையோ, கண்ணீர் அஞ்சலி பேனர்கள் வழக்கமாகத் தொங்குகிற இடம். எல்லார் கண்ணிலும் படும் என்பதற்காகவே அதைத் தேர்ந்தெடுத்தேன்.

ஞாயிறு காலை வானம் மூடிக்கொண்டு தூறல் போட்டது. வாசலில் ஷாமியானா, சிவப்பு பிளாஸ்டிக் நாற்காலிகள். (கல்யாணத்துக்கும் கருமாதிக்கும் அதே நாற்காலிதான்.) பின்பக்கம் சமையல்காரர் கேசரி கிளறிக்கொண்டிருந்தார். பத்து மணிக்கு முன்பே பென்ஷன்காரர்கள் வெள்ளைச் சட்டையில் வரிசையாக வந்தார்கள். என் கையைப் பிடித்து அழுத்திவிட்டுப் போய் உட்கார்ந்தார்கள். யாருமே சிரிக்கவில்லை. ஜெவியோ என்ற பெயரின் கனம் இவர்களை இப்படி அடக்கிவிட்டதே என்று எனக்குப் பெருமை தாங்கவில்லை. ஒருவர் கையில் ரோஜா மாலை இருந்தது. குழந்தைக்கு இவ்வளவு பெரிய மாலையா என்று மட்டும் லேசாக உறுத்தியது.

அப்போது முனையிலிருந்து மேளம் கேட்டது. எங்கள் லைனில் அந்த அடியைத் தெரியாதவர்கள் கிடையாது. அது சாவு மேளம். லைன் பையன்கள், பாவம், என்னைத் தொந்தரவு செய்யாமல் அவர்களாகவே ஏற்பாடு செய்திருக்கிறார்கள். மேளத்துக்குப் பின்னால் பெண்கள் மாரில் அடித்துக்கொண்டு வந்தார்கள்.

"ஐயோ, கண்ணத் தொறந்து பாக்கறதுக்குள்ள இதையும் வாரிக்கினு போயிட்டானே!"

எனக்கு அப்போதுதான் எல்லாம் புரிந்தது. கடைக்காரர் நிறுத்திய பாட்டு, கொடுத்த தண்ணீர், எல்லாம். "இல்லீங்க, இல்லீங்க, பேர் வைக்கறோம், பேர்!" என்று கத்தினேன். மேளத்தில் என் குரல் யாருக்குக் கேட்கும்? மகனைப் பறிகொடுத்தவன் புத்தி பேதலித்து உளறுவதாக நினைத்து, இரண்டு பேர் என்னை அணைத்து நாற்காலியில் உட்கார வைத்தார்கள். (மகனா மகளா என்பது அவர்களுக்கும் தெரியாது. என் பெயரின் மகிமை.)

பிடியை உதறிக்கொண்டு உள்ளே ஓடினேன். ஜெயந்தி குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. அவள் அதன் மூக்குக்குக் கீழே விரலை வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்து, "போன தடவையும் இதே ஆளுங்கதாங்க வந்தாங்க. இதே மாதிரிதான் அழுதுக்கினு வந்தாங்க" என்றாள்.

அந்த இடத்தை நினைத்தால் இன்றும் எனக்குச் சிரிப்பு வருவதில்லை. இந்தக் கதையை வீட்டில் எத்தனை முறை சொல்லிச் சிரித்தாலும், அந்த விரலை மட்டும் யாரும் சொல்வதில்லை.

அவள் எழுந்தாள். குழந்தையைத் தூக்கிக்கொண்டு, புதுப் புடவையோடு, கூட்டத்தை விலக்கிக்கொண்டு நேராக லைனுக்குப் பின்னால் இருந்த குப்பைமேட்டுக்குப் போனாள். குழந்தை அசைந்ததைப் பார்த்ததும் அழுகை நின்றது, மேளமும் நின்றது. மொத்த ஊரும் அவள் பின்னால் நடந்தது. பட்டதாரிப் பெண், என்னோடு சேர்ந்து அக்காவைப் பார்த்துச் சிரித்தவள். ஈர வாழை இலைகளுக்கும் பால் பாக்கெட்டுகளுக்கும் நடுவில் குழந்தையைக் கிடத்தினாள். குழந்தை விழித்துக்கொண்டு வீறிட்டது.

"முனியம்மாக்கா, எடுத்துக்கோங்க!" என்று கத்தினாள் ஜெயந்தி.

முனியம்மாக்கா எங்கள் அடுத்த வீடு. ஒரு மாடு வைத்து லைனுக்கே பால் ஊற்றுகிறவர். ஒரு கேள்வியும் கேட்காமல் குழந்தையை எடுத்து இடுப்பில் வைத்துக்கொண்டு, ஊருக்கே கேட்கும்படி சொன்னார்: "இது குப்பையில கெடந்துச்சு. நான் எடுத்துக்கினேன். இது என் புள்ள. வேணும்னா தவுடு குடுத்து வாங்கிக்கினு போங்க!"

தவிட்டுக்கு நான் எங்கே போவது? விழாவுக்கு வாங்கிய பொருட்களில் முந்திரி இருந்தது, திராட்சை இருந்தது, தவிடு இல்லை. கஸ்தூரி அக்கா முனியம்மாக்காவின் மாட்டுக் கொட்டகைக்கே ஓடி, அங்கிருந்த தவிட்டை ஒரு முறத்தில் அள்ளிக்கொண்டு வந்து ஜெயந்தி கையில் கொடுத்தாள். ஜெயந்தி அதை முனியம்மாக்காவிடம் கொடுத்துக் குழந்தையை வாங்கினாள். அக்கா அதன் காதில் வாயை வைத்து, "குப்பு, குப்பு, குப்பு" என்றாள். ஜெயித்துவிட்ட முகத்தை எதிர்பார்த்து நான் அவளைப் பார்த்தேன். அவள் அழுதுகொண்டிருந்தாள். "உன் பேரு சர்ட்டிபிகேட்ல இருந்துட்டுப் போவட்டும்டா. கூப்புடறதுக்கு இது இருக்கட்டும்" என்றாள்.

நான் தலையாட்டினேன். கைக்குட்டையில் என் கண்ணையும், குழந்தையின் கன்னத்தில் ஒட்டியிருந்த காப்பித்தூளையும் துடைத்தேன்.

வந்தவர்கள் சாப்பிட வேண்டுமே! சாவுக்குக் கிளம்பி வந்தவர்கள் குளிக்காமல் கை நனைக்க மாட்டோம் என்றுவிட்டார்கள். எல்லோரும் வீட்டுக்குப் போய்த் தலைக்கு ஊற்றிக்கொண்டு, ஈரத் தலையோடு திரும்பி வந்து கேசரி சாப்பிட்டார்கள். வந்தது வீணாக வேண்டாம் என்று மேளக்காரர்கள் கல்யாண அடி அடித்தார்கள். ரோஜா மாலையை என்ன செய்வதென்று தெரியாமல் கடைசியில் என் கழுத்தில் போட்டார்கள். அந்தப் போட்டோ இன்னும் அக்கா வீட்டில் இருக்கிறது.

பிறகு யோசித்தபோதுதான் ஒன்று உறைத்தது. பின் லைனில் குப்பு என்று ஒரு ரிடையர்டு மேஸ்திரி இருக்கிறார். டேங்க் பக்கத்தில் குப்பு என்று ஓர் அக்கா பூ விற்கிறார். ஆணுக்கும் பெண்ணுக்கும் பொருந்துகிற பெயரைத் தேடி நான் ரயிலில் மாதக்கணக்கில் மண்டையை உடைத்துக்கொண்டிருந்தேன்.

குப்புவுக்கு இரண்டு வயதானபோது கடுமையான காய்ச்சல். உடம்பு தூக்கித் தூக்கிப் போட்டது. கோலாரில் ஓர் ஆஸ்பத்திரிக்கு எடுத்துக்கொண்டு ஓடினோம். பெயர் பதிந்துவிட்டு, கூட்டத்தில் பெஞ்சில் காத்திருந்தோம். உள்ளேயிருந்து நர்ஸ் வந்து, "ஜெவியோ! ஜெவியோ யாரு?" என்று கன்னடத்தில் கூப்பிட்டார். ஒருவரும் எழுந்திருக்கவில்லை. மறுபடி கூப்பிட்டார். யார் பெற்ற பிள்ளையோ, கூட்டி வந்தவர்கள் எங்கே தொலைந்தார்களோ என்று நான் நிஜமாகவே கோபப்பட்டேன். பக்கத்தில் அக்கா, "இன்னா பேரோ, வாய்ல நுழையல" என்றாள். அப்போதுதான் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

எழப் போனேன். ஜெயந்தி என் கையைப் பிடித்து அழுத்தினாள். பல மாதங்களுக்குப் பிறகு அவள் முகத்தில் அச்சம் இல்லாததைப் பார்த்தேன்.

"பாத்தீங்களா? பேரச் சொல்லிக் கூப்ட்டும் பெத்த நமக்கே தெரியல. எமன் வந்து கூப்ட்டாலும் இப்படித்தான் திரும்பிப் போவான்" என்று சொல்லிவிட்டு, குப்புவைத் தூக்கிக்கொண்டு நர்ஸின் பின்னால் போனாள்.

மூன்றாம் நாள் குப்பு இட்லி கேட்டு அழுதது. வீட்டுக்கு வந்துவிட்டோம்.

இப்போது குப்பு பள்ளிக்கூடம் போகிறது. அங்கே மட்டும் ஜெவியோ. ஒவ்வொரு பிறந்த நாளுக்கும் முனியம்மாக்கா வாசலில் வந்து நின்று, "என் மாட்டுத் தவுட்டயே எனக்குக் குடுத்து ஏமாத்திட்டீங்க, அந்த வியாபாரம் செல்லாது, என் புள்ளயக் குடுங்க" என்று தகராறு செய்வார். கேசரி கொடுத்துச் சமாதானம் செய்து அனுப்புவோம்.

கூரியர்காரரோ வேறு யாரோ வாசலில் நின்று "ஜெவியோ வீடு இதுதானா?" என்று கேட்டால், அத்தை சொல்லிக்கொடுத்தபடி குப்புவே உள்ளேயிருந்து, "அப்படி யாரும் இங்க இல்லீங்க!" என்று குரல் கொடுக்கும். வீடே சிரிக்கும். ஜெயந்தி மட்டும் சிரிப்பதற்கு முன், கையைத் துடைத்துக்கொண்டு வாசலுக்குப் போய், கூப்பிட்டது யார் என்று ஒருமுறை எட்டிப் பார்த்துவிட்டு வருவாள்.